கொச்சியிலிருந்து வராத டெலக்ஸ்

குற்றாலத்தில் பார்வதியம்மாளின் லாட்ஜில் அறை கிடைப்பது லேசுப்பட்ட காரியமல்ல. புருஷன் பெண்சாதி என்று வந்து நிற்பவர்களைத் தனித்தனியாகக் கூப்பிட்டு, மாப்பிள்ளையின் அம்மா பெயரைக் கேட்பார். இரண்டு பதிலும் ஒத்துப்போனால்தான் சாவி. மெட்ராஸ் டெலிபோன் டிரங்க் எக்ஸ்சேஞ்சில் சூப்பர்வைசராக இருந்தவர். முகம் தெரியாத குரல்களில் நிஜம் எது, நடிப்பு எது என்று பிரித்துப் பழகிய காது அவருக்கு. தென்காசி கடைத்தெருவில் யாருக்கு எது காணாமல் போனாலும், லாரி புரோக்கர் துல்கர்னைன் அந்தக் காதை நம்பி ஆளைக் கூட்டிக்கொண்டு வந்துவிடுவார்.

1984 ஆடிச் சாரலில் நனைந்தபடி அவர் கூட்டி வந்தது தங்கபுஷ்பத்தை.

"அக்கா, பால்வண்ணநாதன் அண்ணாச்சி மிளகுக் கடையில டெலக்ஸ் மிஷின்ல வெளியூருக்குச் சேதி அடிக்குத பிள்ளை இது. ஒரு லாரி மிளகு போயிட்டு. செங்கோட்டை செக்போஸ்ட்ல விசாரிச்சிட்டேன், அந்த வண்டி மலை ஏறவே இல்ல. சரக்கு இங்கனதான் எங்கியோ கிடக்கு. எனக்கென்னமோ அந்த மேனேஜர் மேலதான்..."

"தம்பி, அவ சொல்லட்டும். நீ தலையைத் துவட்டு."

தங்கபுஷ்பம் அழவில்லை. அழுது முடித்துவிட்டு வந்த முகம்.

"நேத்து மத்தியானம் நான் வீட்டுக்குச் சாப்பிடப் போயிருந்தேம்மா. அந்த நேரத்துல கொச்சிக் கம்பெனி டெலக்ஸ் வந்து கிடந்திருக்கு, நாங்க அனுப்புத லாரியில சரக்கை ஏத்திவிடுங்கன்னு. மேலகரம் குடோன்ல ஏத்திவிட்டுட்டாங்க. சாயங்காலம் போன் போட்டுக் கேட்டா, கொச்சிக்காரங்க நாங்க ஒண்ணுமே அனுப்பலைங்காங்க. மிஷின் என் கையில இருக்கதால நான்தான் திருடின்னு அண்ணாச்சி கடைத்தெரு நடுவுல நின்னு சத்தம் போட்டுட்டாங்க. நாளைக்குக் காலையில ஸ்டேஷன்ல எழுதிக் கொடுக்கப் போறாங்களாம்."

"அதுல கொச்சி மிஷின் பேரு இருந்துதா?"

"மேலயும் கீழயும் இருந்துதாம். அதான் எல்லாரும் நம்பிட்டாங்க."

துல்கர்னைன் துண்டிலிருந்து தலையை நீட்டினார். "மிஷினுக்குப் பேரா? காது குத்துனாங்களா?"

"ஒவ்வொரு மிஷினுக்குள்ளயும் அதோட பேரைப் பதிச்சு வச்சிருக்கும் அண்ணே. 'நீ யாரு'ன்னு கேக்க ஒரு பித்தான் உண்டு. கூப்பிடுதவன் அதை அமுக்கினா, நம்ம மிஷின் தானாப் பேரைத் தாள்ல அடிச்சுச் சொல்லும். ஆளே வேண்டாம். பொறவு அவன் மிஷின் தன் பேரைச் சொல்லும். பேச்சைத் தொடங்கும்போதும் முடிக்கும்போதும் இது நடக்கணும்."

"இந்த அக்கா லாட்ஜ் மாதிரியேல்லா இருக்கு!"

பார்வதியம்மாள் சிரிக்கவில்லை. "அந்தத் தாளை உன்கிட்ட காட்டினாங்களா?"

"கேட்டேன். திருடிக்கு எதுக்குக் காட்டணும்னுட்டாங்க."

"கிளம்பு," என்று குடையை எடுத்தார்.

பால்வண்ணநாதன் கடை முழுக்க மிளகு நெடி. அண்ணாச்சி தங்கபுஷ்பத்தைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டார். பார்வதியம்மாள் அதைக் கண்டுகொள்ளாமல் டெலக்ஸ் அறைக்குப் போனார். கதவுச் சாவி வெளியே ஆணியில் தொங்கியது.

"யாரு வேணும்னாலும் எடுக்கலாமோ?"

"கடை ஆளுங்கதான் எடுப்பாங்க," என்றார் மேனேஜர் வாஞ்சிநாதன். "அண்ணாச்சி, நான், இந்தப் பொண்ணு, மாப்பிள்ளை. நேத்து மத்தியானம் மாப்பிள்ளையும் கடைக்குப் பின்கட்டுல இருக்கிற அண்ணாச்சி வீட்டுக்குச் சாப்பிட வந்திருந்தார். டெலக்ஸைக் கிழிச்செடுத்தது நான். தாள் ரெண்டு அடுக்கு. மேல்தாள் அண்ணாச்சி மேஜைக்கு, கார்பன் நகல் குடோனுக்கு. அப்படித்தான் வழக்கம்."

மாப்பிள்ளை என்றால் அண்ணாச்சியின் மருமகன் குற்றாலிங்கம். மேலகரம் குடோன் அவர் பொறுப்பு.

மேஜைமேல் பழைய டெலக்ஸ் தாள்கள் கிடந்தன. கறுப்பு வரிகளுக்கு நடுவே அங்கங்கே சிவப்பு வரி. "என்ன வே, குங்குமம் வச்சாப்ல இருக்கு," என்றார் துல்கர்னைன்.

"வெளியேருந்து வர்றது கறுப்பு, நம்ம பக்கத்திலேருந்து போறது சிவப்பு. ரிப்பன்ல ரெண்டு நிறம் உண்டு," என்றார் வாஞ்சிநாதன்.

அண்ணாச்சி இரும்புப் பெட்டியைத் திறந்து அந்தத் தாளை வேண்டாவெறுப்பாக நீட்டினார். பார்வதியம்மாள் பார்த்தார். தோளுக்கு மேலாக துல்கர்னைனும் எட்டிப் பார்த்தார். கடையின் பேர், கொச்சியின் பேர், செய்தி, மறுபடி இரண்டு பேர்கள். மேலிருந்து கீழ்வரை ஒரே கறுப்பு. எழுத்துப் பிழைகூட இல்லை. துல்கர்னைன் உதட்டைப் பிதுக்கினார்.

பார்வதியம்மாள் தாளை நாலாக மடித்தார். "மாப்பிள்ளையை வரச் சொல்லுங்க."

குற்றாலிங்கம் புல்லட்டில் வந்து இறங்கினார். செண்ட் வாசனை மிளகு நெடியையே அமுக்கியது. "இதுல இன்னும் என்ன இருக்கு மாமா? எழுதிக் கொடுத்துட்டு வேலையப் பாப்போம்."

"ஒரே ஒரு கேள்வி," என்றார் பார்வதியம்மாள். "வாயால சொல்ல வேண்டாம். துல்கர் தம்பி, துண்டை விரி. மாட்டுச் சந்தையில விலை பேசுத மாதிரி ஒவ்வொருத்தரும் உள்ள கையை விட்டுத் தம்பி கையில அமுக்குங்க. கொச்சியிலேருந்து டெலக்ஸ் வருது. அதுல நம்ம கடைப் பேரு என்ன நிறத்துல விழும்? கறுப்புன்னா ஒரு விரல், சிவப்புன்னா ரெண்டு."

அண்ணாச்சி தயங்கவே இல்லை. துண்டுக்குள் கை போனதும் பழக்க தோஷத்தில் இன்னொரு விரலையும் பிடித்துப் பேரம் பேசப் பார்த்தார், துல்கர்னைன் விடவில்லை. இரண்டு. வாஞ்சிநாதன், இரண்டு. தங்கபுஷ்பம் துண்டுக்கு மேலிருந்தே அமுக்கினாள், இரண்டு. குற்றாலிங்கம் ஏளனமாகச் சிரித்துக்கொண்டே அமுக்கினார்.

ஒன்று.

துல்கர்னைன் துண்டை உதறினார். "மாப்பிள்ளைக்கு மட்டும் கறுப்புக்கா."

"வெளியேருந்து வார டெலக்ஸ் கறுப்புத்தானே!"

"என்ன மாப்ளே," அண்ணாச்சி வாய்தவறிச் சொல்லிவிட்டார், "நம்ம பேரைச் சொல்லுதது நம்ம மிஷின்லா? அது சிவப்பால்லா விழும். தினம் பாக்கேனே." சொன்னவர் சட்டென்று நின்று, மடித்த தாளைப் பிடுங்கிப் பிரித்தார். அவர் முகம் செத்துப்போயிற்று.

"அதேதான் அண்ணாச்சி. நிஜமா கொச்சி கூப்பிட்டிருந்தா இந்தத் தாள்ல ரெண்டு குரல் இருக்கணும். ஒருத்தன் கேட்கான், நாம பதில் சொல்லுதோம். இதுல ஒரே குரல்தான் இருக்கு. வெளி லைன் போடாம இந்த மிஷின்லேயே உக்காந்து அடிச்சது. சும்மா அடிச்சா முழுசும் சிவப்பா விழும், மாட்டிக்கிடுவோம்னு முழுக் கறுப்பு ரிப்பனை மாட்டி அடிச்சிருக்கான். காரியம் முடிஞ்சதும் பழைய ரிப்பனைப் போட்டுட்டான். அவ்வளவு யோசிச்சவனுக்கு நம்ம பேரு மட்டும் சிவப்பா இருக்கணும்னு தெரியலை. இந்தப் பிள்ளைக்குத் தெரியாம இருக்குமா? மேல்தாளைப் பாக்குத உங்களுக்கும் மேனேஜருக்கும் கேட்டவுடனே தெரிஞ்சுது. கார்பன் நகல்ல எல்லா வரியும் ஒரே நிறம். அதை மட்டுமே பாத்துப் பழகின ஆளு, இந்தக் கடையில ஒருத்தர்தான்."

"நிறம் தெரியலைன்னா திருடனா?" குற்றாலிங்கத்தின் குரல் உயர்ந்தது.

"மிளகு கிடைச்சுட்டா அதையும் பேசிக்கிடலாம்," என்றார் துல்கர்னைன். "வண்டி மலை ஏறலை. பண்பொழியில உங்க அண்ணன் நெல் குடோன் இருக்குல்லா? நெல்லுக்கு நடுவுல மிளகு வாசம் அடிக்குதான்னு ஒரு நடை போயி மோந்து பாத்துட்டு வாரேன்."

குற்றாலிங்கம் மிளகு மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டார். "வித்துத் தனிக்கடை வைக்கலாம்னு... மாமா, எத்தனை நாளைக்குத்தான் குடோன் காவல்?"

அண்ணாச்சி கதவைச் சாத்தினார். குரல் இறங்கி, வியாபாரக் குரலாயிற்று. "தங்கபுஷ்பம், நடந்தது நடந்துபோச்சு. சரக்கு திரும்ப வந்துரும். வெளியே தெரிஞ்சா எம் மகளுக்கு அசிங்கம். ஸ்டேஷன் கீஷன் ஒண்ணும் கிடையாது. சம்பளத்தைக் கூட்டித் தாரேன். என்ன சொல்லுதே?"

"சம்பளம் அப்புறம். என்னைத் திருடின்னு எங்க நின்னு சொன்னீங்க?"

"கோவத்துல ஏதோ..."

"கடைப் படியில நின்னு சொன்னீங்க. அங்கனயே நின்னு இல்லைன்னு சொல்லுங்க. யாரு எடுத்தாங்கன்னு நீங்க சொல்ல வேண்டாம். நான் எடுக்கலைங்கிறதைச் சொன்னாப் போதும்."

"வேணும்னா நாலு பெரியவங்களை உள்ள கூப்பிட்டு..."

"படியில."

அண்ணாச்சி பார்வதியம்மாளைப் பார்த்தார். அவர் குடையை விரிப்பதில் மும்முரமாக இருந்தார். கடைசியில் கதவு திறந்தது. அண்ணாச்சி படியில் இறங்கி, தொண்டையைக் கனைத்து, மழையில் ஒதுங்கி நின்ற கூட்டத்தைப் பார்த்துச் சொன்னார். பாதி முனகலாக வந்தது.

அதற்குள் எதிர்ச்சாரிக்குப் போய்விட்ட துல்கர்னைன் காதுக்குக் கையைக் குவித்தார். "அண்ணாச்சி, இங்க வெங்காயக் கடைக்குக் கேக்கலை!"

தங்கபுஷ்பம் வாசலில் கைகட்டி நின்றாள். அண்ணாச்சி மூச்சை இழுத்துக்கொண்டு, மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தார்.