ஹப்பில் விழாத கைரேகை

நயினார்கோவிலில் தவசி செத்துக் கிடந்தார். மூக்கில் தலையணைப் பஞ்சு.

மகன் சேதுபதியை ஜீப்பில் ஏற்றியாகிவிட்டது. புகார் கொடுத்தவள் அவனுடைய கூடப்பிறந்த அக்கா, சேதுலட்சுமி.

"நேத்து மத்தியானமே அய்யாவ அமுக்கிக் கொன்னுட்டான். சாயங்காலம் பொணத்தோட கட்டைவெரல வச்சு மிளகாக்காட்டத் தன் பேருக்கு மாத்திக்கிட்டான். இருட்டுனப்பறம் நான் வந்து தொட்டேன்... ஒடம்பு சில்லுன்னு கெடந்துச்சு."

சப்-இன்ஸ்பெக்டர் கோகிலா அவளையும் கூட்டிக்கொண்டு, ரேகை வைத்த கம்ப்யூட்டர் சென்டருக்குப் போனாள். அதை நடத்துகிற மாரிச்செல்வம், கேள்வி வருவதற்கு முன்பே வேர்த்திருந்தான்.

"தவசி இங்கனதான் வந்தாரு மேடம். இந்தச் சேர்ல ஒக்காந்துதான் நேத்து சாயங்காலம் ரேகை வச்சாரு."

கைரேகை மிஷின், மேஜைக்கடியில் ஆணியடித்த ஹப்பில், பல ஓட்டைகள் உள்ள இணைப்புப் பெட்டியில், சொருகியிருந்தது. ஹப்பிலிருந்து ஒரே ஒயர் லேப்டாப்புக்கு.

கோகிலா லேப்டாப்பில், சொருகிய மிஷின்களின் பட்டியலான டிவைஸ் மேனேஜரைத் திறந்தாள். மறைந்திருப்பதையும் காட்டச் சொன்னாள்.

ஒரே மிஷின்... இரண்டு முறை பதிவாகியிருந்தது!

"இத வேற எடத்துல சொருகுனா, கம்ப்யூட்டர் புது மிஷின்னு தனியா எழுதி வச்சுக்கிரும். ஹப் மூணு, போர்ட் நாலு... இது மேஜைக்கடியில இருக்கறது. சரி. ஹப் ஒண்ணு, போர்ட் ஒண்ணு... இது லேப்டாப்போட சொந்த ஓட்டை. சொருகுன நேரமும் இதுலயே இருக்கு. நேத்து சாயங்காலம் மட்டும் எதுக்கு அங்கன சொருகுன?"

"ஹப்பு... கோளாறு மேடம்."

"லேப்டாப்ப எங்க தூக்கிட்டுப் போன?"

மாரிச்செல்வம் உடைந்தான்.

"தவசி வீட்டுக்கு. அவருக்கு நடக்க ஏலல. மிஷின வெளிய கொண்டுபோனா லைசென்ஸ் போயிரும்... அதான் பொய் சொன்னேன். சேதுபதிதான் என்னயப் பைக்குல திரும்ப இங்க கொண்டாந்து விட்டான்."

"பாத்தீகளா? பொணத்துக்கிட்டதான் போயிருக்கான்" என்றாள் சேதுலட்சுமி.

சேதுபதி கதை முடிந்தது என்றுதான் கூட வந்த கான்ஸ்டபிளும் நினைத்தார். பாவம், அவசரப்பட்டுவிட்டார்.

கோகிலா மிஷினைத் திருப்பிப் பார்த்தாள்.

"இது புது மாடல். உசுரில்லாத வெரல ஏத்துக்காது. நேத்து சாயங்காலம் ஏத்துக்கிட்டிருக்கு. அப்ப ஒங்க அய்யா உசுரோடதான் இருந்திருக்காரு."

கோகிலா சேதுலட்சுமி பக்கம் திரும்பினாள்.

"தம்பி இவனக் கொண்டாந்து விடப் போன நேரத்துல, வீட்டுக்குள்ள போனது நீங்க மட்டுந்தான்னு எதுத்த வீட்டுல சொல்றாங்க. காடு கைவிட்டுப் போன ஆத்திரம்... பக்கத்துல தலகாணி..."

"ஒரு மிஷின நம்பியா என்னயச் சந்தேகப்படுறீக?"

கோகிலா கைவிலங்கை எடுத்தாள்.

"மிஷின் எதுக்குக்கா பொய் சொல்லப் போகுது? அதுக்குத்தான் காட்டுல பங்கு கெடையாதே."