இருக்கேங்க

12 ஆகஸ்ட், செவ்வாய். இன்று ஒரு சிறு தவறு செய்தேன். விபத்து இழப்பீட்டு வழக்கின் சாட்சிப் பட்டியலில் சாட்சியின் பெயர் வர வேண்டிய இடத்தில் இறந்தவரின் பெயரை டைப் அடித்துவிட்டேன். சந்திரகலா என்று இருக்க வேண்டும். கோபிநாத் என்று இருக்கிறது. இரண்டு முறை சரிபார்த்தேன். சரிபார்த்தேன் என்றுதான் நினைக்கிறேன்.

வக்கீல் ஆபீசில் டைப் அடிக்கும் கவிநிலா டைரியில் அதற்கு மேல் எழுதாமல் நிறுத்தினாள். நடந்தது அவ்வளவுதான் என்றால் நன்றாக இருந்திருக்கும்.

காலையில் கோர்ட் வராந்தாவில் புழுக்கமும் பழைய காகித வாசனையும் ஆறிப்போன டீயின் வாசனையும் கலந்து நின்றன. சுவரோரம் சாய்ந்திருந்தவர்களின் நிழல்கள் தரையில் ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடந்தன. டவாலி தணிகாசலம் வாசலுக்கு வந்து கூப்பிட்டார்.

“கோபிநாத்… கோபிநாத்… கோபிநாத்…”

அப்போதுதான் அவளுக்குத் தன் தவறு தெரிந்தது. பக்கத்தில் நின்ற சந்திரகலா சட்டென்று நிமிர்ந்தாள். சேதராப்பட்டு கம்பெனியில் ஷிப்ட் முடித்து வண்டியில் திரும்பும்போது லாரி அடித்துச் செத்துப்போன அவள் புருஷனின் பெயர் அது.

மூன்றாவது முறை கூப்பிட்ட பிறகு, படிக்கட்டுப் பக்கமிருந்து ஒரு குரல் வந்தது.

“இருக்கேங்க.”

சத்தமான குரல் இல்லை. ஓடி வந்து இரைக்கிற ஆளின் குரல். அதைத் தொடர்ந்து ஒரு செருப்பு தரையில் அறைந்தது. சப். பிறகு ஒன்றுமில்லை. மறுபடி சப். யாரும் மேலே வரவில்லை. தணிகாசலம் திரும்பிக்கூடப் பார்க்காமல் உள்ளே போய், “ஆஜர்ங்க ஐயா” என்றார். கூண்டுக்கு யாரும் வராததால் வழக்கு மறுநாளைக்குத் தள்ளிப்போனது.

வழக்குக் கட்டோடு தானே பின் போட்ட போலீஸ் போட்டோ கவிநிலாவுக்கு நினைவுக்கு வந்தது. ரோட்டில் குப்புறக் கிடந்த இடது கால் செருப்பு.

ஆபீசில் வக்கீல் விஜயராகவன் சிரித்தார். “செத்தவன கூண்டுல ஏத்தப் பாத்தியே கவி. இன்சூரன்ஸ் வக்கீல் சும்மா விடுவானா? ஆள்தான் ஆஜர் ஆயிட்டானே, எதுக்கு நஷ்டஈடும்பான்.”

“சார், யாரோ பதில் சொன்னாங்க.”

“ஊர்ல எத்தன கோபிநாத். நாளைக்கு மறுபடி கூப்பிடுவாங்க. யாரும் வரலன்னு பதிவாகட்டும், மெமோ போட்டுத் திருத்திக்கலாம். பதில் வந்துச்சுன்னா கேஸ் போச்சு.”

கவிநிலா படிக்கப் போகும் சாயங்கால பிரெஞ்சு வகுப்பில் ஆசிரியை கனீஸ் பாத்திமா வருகை எடுத்தார்.

“ஆசிப்.”

“ப்ரெஸான்.”

“கலைவாணி.”

“ப்ரெஸான்.”

“ஸமீஹா.”

ஸமீஹா வரவில்லை. மின்விசிறியின் கிறீச் மட்டும் கேட்டது. பிறகு, வெளி நடையிலிருந்து.

“இருக்கேங்க.”

“யாரு அது? உள்ள வாங்க,” என்றார் ஆசிரியை. கதவருகே யாரும் இல்லை. கவிநிலா நோட்டை மூடினாள்.

வகுப்பு முடிந்து வெளியே வந்தபோது சந்திரகலா போன் செய்தாள்.

“அது அவருதாம்மா.”

“வேற யாராவது இருக்கும்க்கா.”

“பன்னெண்டு வருஷம் கேட்ட குரலு. சூப்பர்வைசர் கூப்பிட்டா அப்படித்தான் பயந்து பயந்து சொல்வாரு. படிக்கட்டுல நின்னாரு, நான் எட்டிப் பாத்தேன். வெறுங்கால தூக்கித் தூக்கி வெக்கிறாரு. சுடுதில்ல.”

“அக்கா, நாளைக்கு யாரும் பதில் சொல்லக்கூடாது. சொன்னா காசு வராது. ரெண்டு பசங்கள வச்சிக்கிட்டு…”

“அதாம்மா எனக்கும் பயம். கூப்பிட்டா வராம இருக்கற ஆளில்ல அவரு.” அழுதுகொண்டே கேட்டாள். “இடது காலுக்கு ஒரு செருப்பு வாங்கிட்டு வரியா? எட்டாம் நம்பரு.”

சரி என்று சொன்னாளா இல்லையா என்பது, இப்போது ராத்திரி வீட்டில் டைரியோடு இருக்கும் கவிநிலாவுக்கு நினைவில்லை.

ஜன்னலுக்கு வெளியே கடற்காற்று சாக்கடை நாற்றத்தோடு வந்தது. தெருவிளக்கைச் சுற்றிப் பூச்சிகள். பக்கத்து வீட்டுப் பெண் வாசலில் நின்று மகளைக் கூப்பிட்டாள். “கலைமகள்… ஏய் கலைமகள்…” பதில் இல்லை. இன்னொரு முறை கூப்பிட்டாள். கவிநிலா மனதுக்குள் கெஞ்சினாள். பதில் சொல்லிவிடு. யாராவது பதில் சொல்லிவிடுங்கள்.

சப்.

ஒன்றுமில்லை.

சப்.

ஜன்னலுக்கு நேர் கீழே.

“இருக்கேங்க.”

பார்க்கக் கூடாது. பார்த்தாள்.

விளக்கடியில் நீலச் சட்டை. பொத்தான்கள் அவள் ஜன்னலைப் பார்த்திருந்தன. முகம் இல்லை. முகம் பின்பக்கம் இருந்தது, ரோட்டைப் பார்த்தபடி. அந்தக் கழுத்து எப்படித் திரும்பியதோ அப்படியே நின்றுவிட்டது. இடது காலை மடக்கித் தூக்கிக்கொண்டு, தார் ரோட்டில், ஒற்றைக் காலில், அடுத்து யார் கூப்பிடுவார்கள் என்று காத்திருந்தது.

கவிநிலா மறுபடி டைரி முன் உட்கார்ந்தாள். பேனாவை எடுத்தாள்.

நாளை: பத்து மணிக்குக் கோர்ட். கோபிநாத் பெயரை மூன்று முறை கூப்பிடுவார்கள். போகிற வழியில் செருப்பு, எட்டாம் நம்பர், இடது கால். ஒற்றையாகத் தராவிட்டால் ஜோடியாக வாங்க வேண்டும்.