கழித்தால் மிச்சம் கொலை!

போன் அலறியது!

தடயவியல் ஆய்வுக்கூடத்தில் எல்லாமே சாது. அந்த மேஜை போனுக்கு மட்டும் அப்படியொரு தொண்டை!

கண்ணாடிக் குழாயைத் துடைத்துக்கொண்டிருந்த மேடம் எடுத்தார்.

"கோடு மேடமா? இன்ஸ்பெக்டர் பேசறேன். நின்னுக்கிட்டு இருக்கீங்களா, உக்காந்து இருக்கீங்களா?"

"நின்னுக்கிட்டுத்தான். ஏன் சார்?"

"உக்காந்துக்குங்க."

மேடம் உட்காரவில்லை.

"அந்த ஃபர்னிச்சர் கடைக்காரர் வீட்டுல இன்னொரு சாவு. போன மாசம் பெரியவர்... இன்னிக்குக் காலையில அவரோட பையன்! விஷம்தான்னு டாக்டர் அடிச்சுச் சொல்றார்."

"ஐயையோ..."

"வீட்டோட மாப்பிள்ளையை மறுபடியும் தூக்கிட்டு வந்துட்டேன். போன தடவை நீங்கதானே, 'டம்ளர்ல விஷமே இல்ல'ன்னு எழுதிக் குடுத்தீங்க? கோர்ட்டு விட்டுடுச்சு. வெளிய வந்தவன் மச்சானையும் முடிச்சுட்டான்!"

இப்போது உட்கார்ந்தார்.

கோடு மேடம் என்பது பெற்றவர்கள் வைத்த பெயர் இல்லை. போலீஸ்காரர்கள் வைத்தது. மேடத்தின் வேலையே கோடு பார்ப்பதுதான். ஸ்பெக்ட்ரோமீட்டர் என்ற இயந்திரத்துக்குள் ஒரு சொட்டுத் தண்ணீரை வைத்து ஒளியைப் பாய்ச்சுவார். ஒவ்வொரு பொருளும் தனக்குப் பிடித்த ஒளியை விழுங்கும். எதை விழுங்கியது என்று திரையில் கோடு ஓடும். விஷம் இருந்தால் கோடு எழும்பி மேடு கட்டும். இல்லாவிட்டால் சொன்ன பேச்சு கேட்கும் பிள்ளை மாதிரி படுத்துக்கிடக்கும்.

போன மாதம் படுத்துத்தான் கிடந்தது!

பெரியவருக்கு மாத்திரை கரைத்த தண்ணீரைக் கொண்டுபோய்க் கொடுத்தவர் மாப்பிள்ளை. குடித்த பெரியவர் எழுந்திருக்கவில்லை. 'மாப்பிள்ளைதான் கொன்னுட்டான்' என்று மச்சான் கத்தினார். மிச்சத் தண்ணீரோடு டம்ளர் மேடத்திடம் வந்தது.

"கோடு பொய் சொல்லாது!" என்று கோர்ட்டில் கம்பீரமாகச் சொன்னார் மேடம்.

பேப்பரில் போட்டோ வந்தது. விடுதலையான மாப்பிள்ளை, கோர்ட்டு வாசலில் நெடுஞ்சாண்கிடையாக மேடத்தின் காலில் விழுந்தார். அந்தப் போட்டோவும் வந்தது. மேடம் அதைக் கத்தரித்து மேஜைக் கண்ணாடிக்கு அடியில் வைத்திருந்தார்.

இப்போது அந்தப் போட்டோவில் அவரே அவரைப் பார்த்துச் சிரித்தார்!

ஒரு ஃபைலை எடுத்து அதன்மேல் வைத்தார். காது மடல் வரைக்கும் சுட்டது. அவமானம்... ஓர் உயிர் போயிருக்கிறது, அதில் என் கையெழுத்தும் இருக்கிறது என்ற அவமானம்!

கேன்டீனுக்குப் போனார். பேச்சு சட்டென்று நின்றது.

"ஆனைக்கும் அடி சறுக்கும் மேடம்" என்றார் ஒருவர், ஆறுதலாக.

ஆறுதல்தான் அதிகமாகக் கடித்தது. டீயை அப்படியே வைத்துவிட்டு எழுந்து வந்துவிட்டார்.

பழைய சோதனையைக் கம்ப்யூட்டரில் திறந்தார். டம்ளர் தண்ணீரின் கோடு... தட்டை. எத்தனை முறை பார்த்தாலும் தட்டை.

'கழித்த பிறகுதானே இது? கழிப்பதற்கு முன்னால்...?'

மவுஸ் தயங்கியது. அழுத்தினார்.

கழிப்பதற்கு முந்தைய கோடு திரையில் ஏறியது.

மேடு!

சின்ன மேடு இல்லை, மலை!

ஒப்பிடுவதற்காக அதே வீட்டு சமையலறையிலிருந்து போலீஸ் பிடித்து வந்த வெறும் தண்ணீரின் கோட்டையும் திறந்தார்.

அதே இடம். அதே மலை!

"கடவுளே... என்ன காரியம் பண்ணிட்டேன்!"

இன்ஸ்பெக்டருக்குப் போன் போட்டார்.

"சார்... தப்பு என்னோடதுதான். டம்ளர்ல விஷம் இருந்திருக்கு."

"அப்படிப் போடுங்க! அப்ப மாப்பிள்ளைதான்..."

"அவசரப்படாதீங்க. பின்னணி கழித்தல்னு ஒண்ணு இருக்கு."

"பாட்டுக்குத்தான் பின்னணி கேள்விப்பட்டிருக்கேன். எனக்குப் புரியற மாதிரி சொல்லுங்க."

"மணல் லாரியை எடை போடறாங்கல்ல? லோடோட ஒரு எடை. காலி லாரிக்கு ஒரு எடை. கழிச்சா மணல் எவ்வளவுன்னு தெரியும்."

"சரி."

"அதே மாதிரிதான். தண்ணியில உப்பு, சுண்ணாம்புன்னு ஆயிரம் இருக்கும். டம்ளர் தண்ணியோட கோட்டுலேர்ந்து, அந்த வீட்டு வெறும் தண்ணியோட கோட்டைக் கழிச்சுட்டா, மேல கலந்தது மட்டும் நிக்கும். கழிச்சேன். ஒண்ணுமே நிக்கல."

"அப்ப விஷம் இல்லன்னுதானே அர்த்தம்?"

"காலி லாரின்னு நெனச்சு நான் எடை போட்டதுலயும் மணல் இருந்திருக்கு சார்! காலியான்னு முதல்ல அதைத் தனியா பார்த்திருக்கணும். பத்தாங்கிளாஸ் பையன்கூடப் பார்ப்பான். வேலை குவிஞ்சு கிடந்தது... பார்க்காம விட்டுட்டேன்."

இன்ஸ்பெக்டர் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழும் சத்தம் கேட்டது.

"அப்படின்னா... விஷம் டம்ளர்ல இல்ல..."

"வீட்டுத் தண்ணியிலயே இருக்கு! ஒரு மாசமா மொத்தக் குடும்பமும் அதைத்தான் குடிக்குது! வயசானவர் முதல்ல விழுந்துட்டார்!"

"ஐயோ... அந்தப் பொண்ணு, பெரியவரோட மக! அது இப்ப வீட்டுலதானே இருக்கு!"

"ஜீப்பை எடுங்க! போற வழியில என்னை ஏத்திக்குங்க!"

மேடம் அந்த வீட்டுப் போனுக்கு அடித்தார். மணி போனது. போய்க்கொண்டே இருந்தது.

யாரும் எடுக்கவில்லை!

ஜீப் பறந்தது. சிக்னல்கள் எல்லாம் அன்றைக்கென்று சிவந்து நின்றன.

"மேடம், ஒண்ணு சொல்றேன், தப்பா நெனைக்காதீங்க" என்றார் இன்ஸ்பெக்டர். "இதை வெளிய சொன்னா உங்க பேரு நாறிடும். பழைய கேஸெல்லாம் கிளறுவாங்க. புதுசா கண்டுபிடிச்ச மாதிரி வேற விதமா சொல்லிக்கலாமே?"

மேடம் ஒரு கணம் ஆசைப்பட்டார். ஆமாம், ஆசைப்பட்டார்! அப்படி ஆசைப்பட்டதற்காகவும் சேர்த்து வெட்கப்பட்டார்.

"வேணாம் சார். என் பேரு போனா மயிரு போச்சு. அந்தப் பொண்ணு பொழைக்கட்டும்."

கோடு மேடத்தின் வாயிலிருந்து அப்படியொரு வார்த்தையை இன்ஸ்பெக்டர் கேட்டதே இல்லை. ஆக்ஸிலரேட்டரை மிதித்தார்.

வீட்டுக் கதவு திறந்தே கிடந்தது.

ஹாலில் சோபா. சோபாவில் வீங்கிய கண்களோடு மகள். எதிரில் கடை மேனேஜர்... தட்டில் ஒரு டம்ளர் தண்ணீரோடு!

"கொஞ்சம் தண்ணியாவது குடிங்கம்மா. காலையிலேர்ந்து பல்லுல பச்சைத் தண்ணி படல..."

டம்ளர் உதட்டுக்குப் போனது.

"குடிக்காதீங்க!"

மேடம் பாய்ந்து தட்டிவிட்டார். டம்ளர் பறந்து சுவரில் மோதி உருண்டது!

மகள் விக்கித்துப்போய்ப் பார்த்தாள்.

"யாருங்க நீங்க?"

"நான்... உங்கப்பா கேஸ்ல ரிப்போர்ட் குடுத்தவ."

"ஓ... நீங்களா?" அவள் கோபப்படவில்லை. அதுதான் கொடுமை. "அப்பா போயிட்டார். அண்ணன் போயிட்டான். இன்னும் என்ன மிச்சம் இருக்குன்னு பார்க்க வந்தீங்க?"

மேடத்தின் தலை தானாகக் குனிந்தது. தரை ஓடுகள் பிளந்தால் தேவலை என்றிருந்தது.

"என் மேல தப்பும்மா. அப்புறம் எவ்வளவு வேணா திட்டுங்க. இப்ப ஆஸ்பத்திரிக்குக் கிளம்புங்க. உங்க கை ஏன் இப்படி நடுங்குது?"

"அப்பா போனதுலேர்ந்து இப்படித்தான். துக்கம்னு சொன்னாங்க."

"துக்கம் இல்லம்மா, விஷம்! உங்க வீட்டுக்காரருக்கும் நடுங்குமா?"

"அவருக்கும் நடுங்கும்."

"லாக்கப்புலயும் நடுங்கிக்கிட்டுத்தான் இருக்கான்" என்றார் இன்ஸ்பெக்டர். "குத்தம் செஞ்ச கைன்னுல்ல நெனச்சேன்!"

"அவரும் அந்தத் தண்ணியைக் குடிச்சவர் சார்! அவர் குற்றவாளி இல்ல. பாவம், அவரையும் உடனே ஆஸ்பத்திரிக்கு அனுப்புங்க."

சமையலறையில் தண்ணீர் சுத்திகரிக்கும் மெஷின் பளபளவென்று நின்றது.

"இதை யாரு வாங்கினது?"

"நான்தான் மேடம்" என்றார் மேனேஜர்.

"ஃபில்டர் மாத்தறது?"

"அதுவும் நான்தான். வீட்டு வேலை எல்லாமே என் தலையிலதான்."

"கடையில மரத்துக்குக் கரையான் மருந்து அடிப்பீங்களே, அந்த அறைச் சாவி?"

"எங்கிட்டதான்..." சொல்லும்போதே மேனேஜரின் முகம் வெளுத்தது.

மேடம் இன்ஸ்பெக்டரை ஓரமாக இழுத்தார்.

"ஆம்புலன்ஸ் கூப்பிட்டது யாரு? உங்களுக்கு டீ வாங்கிக் குடுத்தது யாரு? கோர்ட்டுக்குக் காரோட்டினது யாரு?"

"எல்லாம் இந்த ஆளுதான்..."

"எல்லா இடத்துலயும் இருக்கறது கணக்குல கழிஞ்சு போயிடும் சார். தண்ணியில விஷம் கழிஞ்ச மாதிரி, உங்க விசாரணையில இந்த ஆளு கழிஞ்சு போயிட்டார்!"

"சபாஷ்!"

மேனேஜரின் சட்டைக் காலரில் இன்ஸ்பெக்டரின் கை விழுந்தது. தெருவே வேடிக்கை பார்க்க, "நான் இல்லய்யா, நான் இல்லய்யா" என்று கதறியவரை ஜீப்பில் ஏற்றினார்கள்.

ஆஸ்பத்திரியில் மகள், மாப்பிள்ளை, மேனேஜர் மூவரிடமும் ரத்தம் எடுத்தார்கள். மகளுக்கு மாற்று மருந்து உடனே ஏறியது; ரிப்போர்ட் வரும்வரை மற்ற இருவரையும் ஸ்டேஷனுக்கே திருப்பி அனுப்பினார்கள்.

"பொழைச்சுக்குவாங்க. இன்னும் ரெண்டு நாள் அந்தத் தண்ணியைக் குடிச்சிருந்தா கஷ்டம்தான்" என்றார் டாக்டர்.

மூன்று ரத்தக் குப்பிகளோடு மேடம் லேபுக்குத் திரும்பினார். இந்தத் தடவை எதையும் நம்பவில்லை. கழிக்க வேண்டிய பின்னணியை, அதாவது விஷம் படாத வெளியாள் ரத்தத்தை, முதலில் தனியாக ஓட்டினார். சுத்தம். வேறு பாட்டிலில் எடுத்து மறுபடி ஓட்டினார். சுத்தம்.

மகளின் ரத்தம்... மலை.

மேனேஜரின் ரத்தம்... சின்ன மேடு.

'மத்தியானச் சாப்பாடு அந்த வீட்டில்தானே?' மேடம் நெற்றியைச் சுருக்கினார். 'தான் போட்ட விஷத்தைத் தானே குடிப்பானா?'

மூன்றாவது குப்பி. மாப்பிள்ளையின் ரத்தம்.

தட்டை!

கழிப்பதற்கு முன்னால் பார்த்தார். தட்டை. குப்பியை மாற்றி வைத்தார். தட்டை. இயந்திரத்தை அணைத்துப் போட்டார்.

தட்டை!

மேடம் நாற்காலியின் கைப்பிடியை இறுகப் பிடித்துக்கொண்டார்.

விருந்துக்கு வந்தவன்கூட ஒரு மடக்குக் குடித்திருப்பான். அந்த வீட்டிலேயே தின்று, அந்த வீட்டிலேயே தூங்கிய மனிதரின் ரத்தத்தில் ஒரு சொட்டு விஷம் இல்லை. அதாவது, அந்தத் தண்ணீர் எப்படிப்பட்டதென்று அவருக்குத் தெரியும்!

வெறும் பயத்தில் நடுங்கிய கையைப் பார்த்துவிட்டு விஷம் என்று தீர்ப்புச் சொன்னது யார்? இவர்தான். செய்த தப்புக்குக் காலையில் அழுதுவிட்டு, மத்தியானமே இன்னொன்று!

ஸ்டேஷனில் முதலில் மேனேஜரிடம் போனார். இரண்டு கையையும் கூப்பினார்.

"மன்னிச்சுடுங்க. ஊர் முன்னால உங்களைக் குற்றவாளி ஆக்கிட்டேன்."

"பரவாயில்ல மேடம்" என்றார் மேனேஜர். அவர் கண்கள் பரவாயில்லை என்று சொல்லவில்லை.

"நீங்க நேரா ஆஸ்பத்திரிக்குப் போங்க. மருந்து ஏத்தணும், உங்க ரத்தத்துலயும் இருக்கு" என்று சொல்லிவிட்டு மேடம் லாக்கப் கம்பிக்கு முன்னால் போய் நின்றார்.

"வாங்க தெய்வமே!" மாப்பிள்ளை எழுந்தார். "நானும் விஷம் குடிச்சவன்தான்னு சொல்லிட்டீங்களாமே!"

"நீங்க குடிக்கவே இல்ல. உங்க ரத்தம் சொல்லிடுச்சு."

மாப்பிள்ளையின் கை நடுக்கம் சட்டென்று நின்றது.

இன்ஸ்பெக்டர் லத்தியைத் தட்டினார். "சொல்லுடா. எதுக்கு?"

மாப்பிள்ளை மெல்லச் சிரித்தார். அழுகையைவிட மோசமான சிரிப்பு.

"வீட்டோட மாப்பிள்ளையா இருந்து பார்த்திருக்கீங்களா சார்? கடைப் பசங்க முன்னாடி 'ஓசிச் சோறு'ன்னு கூப்பிடுவான் மச்சான். தட்டுல மறுசோறு விழுந்தா மாமனார் இருமுவார். ஒருநாள் தண்ணி குடிச்சுக்கிட்டு இருக்கேன்... 'மாப்பிள்ளை, அந்த மெஷினுக்குக் கரண்ட் பில் யாரு கட்டறது தெரியுமா'ன்னு கேட்டார். வந்த விருந்தாளியெல்லாம் சிரிச்சாங்க. அன்னிக்கு அந்த வீட்டுத் தண்ணியைக் குடிக்கறதை விட்டேன். அப்புறம்தான் அவங்க குடிக்கட்டும்னு தோணுச்சு. மேனேஜர் அசந்தப்ப சாவியை எடுத்து, கரையான் மருந்தை மெஷினுக்குள்ள ஊத்தினேன்."

"உங்க மனைவி?" என்று கேட்டார் மேடம்.

"அவளும் சிரிச்சா."

மேடம் கம்பியிலிருந்து ஓரடி பின்வாங்கினார்.

"ஆனா ஒண்ணு மேடம்... டம்ளர்ல ஒண்ணுமே இல்லன்னு நீங்க சொன்னப்ப எனக்கே தூக்கிவாரிப்போட்டுச்சு! உங்க கால்ல விழுந்தது நடிப்பு இல்ல. சத்தியமா நெஞ்சுலேர்ந்து விழுந்தேன்!"

அடி வாங்கியிருந்தால்கூட மேடத்துக்கு அப்படி வலித்திருக்காது. கண்ணாடியைக் கழற்றி, துடைக்கத் தேவையில்லாததைத் துடைத்துக்கொண்டார்.

"நாளைக்கு கோர்ட்டுல நானே சொல்றேன் சார்" என்றார் இன்ஸ்பெக்டரிடம். "கோடு பொய் சொல்லல... நான்தான் சரியா கேட்கலன்னு."

பேசிப் பேசி மாப்பிள்ளைக்குத் தொண்டை வறண்டுவிட்டது போலிருக்கிறது. கம்பியைப் பிடித்துக்கொண்டு கெஞ்சினார்.

"சார்... குடிக்கக் கொஞ்சம் தண்ணி..."

இன்ஸ்பெக்டர் ஒரு சொம்பு நிறைய மொண்டு நீட்டினார்.

"வயிறு முட்டக் குடிங்க மாப்பிள்ளை! இந்த மாமியார் வீட்டுல யாரும் கணக்குப் பார்க்க மாட்டோம்!"