நாரின் கேட்ட மதியம்

"ஏய்! நீ எப்படி நடக்குற?"

நாரின் திடுக்கிட்டுத் திரும்பினாள்.

கீழ்த்தெரு முழுக்கச் சிலையாய் நின்றது. மழையும் நின்றிருந்தது. பெய்து ஓய்ந்த மழையல்ல... துளிகள் அப்படியே அந்தரத்தில் தொங்கின. கொட்டாவி விட வாயைத் திறந்த மீன்காரர், திறந்தபடியே இருந்தார்.

மேட்டு மாளிகையில் ஆளுநர் மதியம் தூங்கி எழும்வரை தினமும் இப்படித்தான். பெரிய மணி அடித்தால், ஓசை எட்டும் இடமெல்லாம் காலம் நின்றுவிடும். மணி ஒலிக்கும்போது மட்டும், ஓசை உள்ளே வராதபடி மாளிகை தன் பஞ்சு வைத்த கதவுகளை மூடிக்கொள்ளும். பிறகு காற்றுக்காகத் திறந்துவிடும். சின்ன மணி அடித்துத் தெரு விழிக்கும்போது சூரியன் மேற்கே சாய்ந்திருக்கும். கீழ்த்தெருக்காரர்கள் மதியம் என்ற ஒன்றைக் கண்டு வருடக்கணக்காகிறது.

மணிக்கு மசியாதவர்கள் மணிவீட்டுக்காரர்கள் மட்டுமே. மணி ஒலித்து அடங்கும்வரை ஒரு மறுசுருதியை முனகிக்கொண்டிருப்பார்கள். அந்தச் சுருதி அவர்கள் வாசலைத் தாண்டக் கூடாது.

எதிரே மூச்சிரைக்க நின்றவன் டோவான். மணியடிப்பவன். கோபுரத்திலிருந்து பார்த்தபோது, நின்றுபோன தெருவில் அவளுடைய சிவப்பு முக்காடு மட்டும் அசைந்திருக்கிறது.

"எங்க வீட்டுச் சுருதியைத் திருடியிருக்க!"

"நல்லா இருக்கே கதை! என் கடையில உக்காந்து சூப்பு குடிச்சுக்கிட்டே மூக்கால முனகுறது யாரு? எங்கப்பனா?"

"நானா...? எப்போ?"

"காளான் போடுற அன்னிக்கெல்லாம்."

அவன் காது மடல் சிவந்தது. நாரினுக்குச் சிரிப்பு வந்தது. இத்தனை நாள் கிண்ணத்தின் மேல் குனிந்த தலையைத்தான் பார்த்திருக்கிறாள். நிமிர்ந்தால் இப்படி இரண்டு கண்கள் இருக்குமென்று யார் கண்டது! கறுகறுவென்று... இமையில் ஒரு மழைத்துளியோடு...

"தெரிஞ்சா ஊரை விட்டே துரத்திடுவாங்க" என்றான்.

"போய்ச் சொல்லு. என் மதியத்தை எடுத்துக்கிட்டவங்க பெரிய மனுஷங்க. அதைத் திரும்ப வாங்கிக்கிட்ட நான் திருடியா?"

அவன் சொல்லவில்லை. மறுநாளும் வந்தான்... அதற்கு மறுநாளும். தொங்கும் துளிகள் முகத்தில் ஒட்டிக்கொள்ள, இருவரும் ஆற்றங்கரைவரை நடந்தார்கள். ஒரு நாள் மீன்காரர் அருகே வந்ததும் டோவான் நின்றுவிட்டான்.

"நாரின்... எனக்கு உன்னை..."

"நிறுத்து!" அவள் இடைமறித்தாள். "இங்க யார் காதுல விழப்போகுது? இது ஒரு தைரியமா? தெரு முழிச்சிருக்கும்போது சொல்லு."

அவன் முகம் சுண்டிப்போனது. அவளுக்கும் கேட்க ஆசைதான். ஆனால் ஒளித்து வைக்கும் காதல் அவளுக்கு வேண்டாம்.

"முழிச்சிருக்கிறவ ஒருத்தி இங்க இருக்கேன்."

டோவானின் அம்மா செயோல்! மணிவீட்டின் தலைவி. தேடி அலைய அவசியமே இருக்கவில்லை. நடந்தவர்கள் மேல் துளிகள் ஒட்டிக்கொண்டு வந்துவிட்டதால், நின்ற மழைக்குள் ஒரு வழி விழுந்திருந்தது. சரியாக இரண்டு ஆள் அகலத்துக்கு.

"இவ்வளவு பெரிய பாதை போட்டுட்டு ஒளிஞ்சு பழகுறீங்களாக்கும்" என்ற செயோல், நாரினை மேலும் கீழும் பார்த்தாள். "இவனைக் கட்டிக்கிட்டு எங்க வீட்டுக்கு வந்துடு. சுருதி வீட்டோட இருக்கும், உனக்கும் மதியம் கிடைக்கும். கடையை மூடிடு, வாயையும் மூடிடு. இல்லேன்னா, நாளைக்குப் பொழுது சாயறதுக்குள்ள படகேறிடு."

நாரின் டோவானைப் பார்த்தாள். அவன் தரையைப் பார்த்தான். அவளுக்குச் சுருக்கென்றது.

"எனக்கு மட்டும் மதியம் கிடைச்சா, பாவம் இந்த மீன்காரர் கொட்டாவியை எப்போ முடிக்கிறது? நான் படகே ஏறிக்கிறேம்மா."

மறுநாளும் மழை. அடுப்பை அணைத்து, மூட்டையைக் கட்டி, கடை வாசலில் நின்றாள். கோபுரத்தை நிமிர்ந்து பார்ப்பதில்லை என்ற வைராக்கியம் வேறு. காளான் சூப்பை மட்டும் ரசிக்கத் தெரிந்தவன்... அவனுக்காகக் கண் கலங்குவதா?

மணி அடிக்கும் நேரம். ஆனால் மேலிருந்து மணியோசை வரவில்லை. ஒரு குரல்தான் வந்தது. தொண்டை கிழிய, தெருவுக்கே கேட்கும்படி, அந்த மறுசுருதி!

"கீழ்த்தெருக்காரங்களே! இதை முனகுங்க! மணி அடிச்சு முடியறவரைக்கும் நிறுத்தாதீங்க!"

தெரு வாய் பிளந்து நின்றது. நாரின் மூட்டையை வீசிவிட்டு நடுத்தெருவில் குதித்தாள்.

"என்ன வேடிக்கை? மதியம் வேணுமா வேணாமா? முனகுங்க!"

முதலில் மீன்காரர், கண்டபடி சுருதி விலகி. பிறகு துணி துவைத்த பெண்கள். பிறகு தெருவே தேனீக்கூடாய் இரைந்தது. செயோல் சுத்தியலைப் பிடுங்கியிருக்க வேண்டும். பெரிய மணி ஆவேசமாய் அலறி ஓய்ந்தது.

மழை நிற்கவில்லை. சடசடவென்று பெய்துகொண்டே இருந்தது. மீன்காரர் ஒரு கொட்டாவியைத் தொடங்கி, முழுதாக முடித்து, தாடையைத் தடவிப் பார்த்துக்கொண்டார். தெரு ஓவென்று சிரித்தது.

டோவான் தொப்பலாக நனைந்து ஓடிவந்தான்.

"வேலை போச்சு" என்றான்.

"வீடு?"

"அதுவும்தான். நேத்து பேசாம நின்னேன்ல... மன்னிச்சிடு."

"அடுப்பை அணைச்சுட்டேன்" என்றாள் நாரின். "உக்காரு, பத்த வைக்கிறேன்..."

அவன் உட்காரவில்லை. தெருவை ஒருமுறை சுற்றிப் பார்த்தான். எல்லாரும் விழித்திருந்தார்கள், எல்லாரும் இவர்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"நாரின்!" என்று கத்தினான். "எனக்கு உன்னைப் பிடிச்சிருக்கு! ரொம்பப் பிடிச்சிருக்கு!"

தெரு ஆரவாரித்தது. காற்றுக்காகத் திறந்த மாளிகைச் சன்னலில் ஒரு தூக்கக் கலக்கத் தலை நீண்டது.

"யாரது அங்க? தூங்க விடாம!"

நாரின் டோவானின் கையை இறுகப் பற்றினாள். மழைக்கு முகத்தைக் காட்டி மேட்டை நோக்கிக் கத்தினாள்.

"நான்தான்! சூப்புக்கடை நாரின்! எனக்கும் இவனைப் பிடிச்சிருக்கு!"