இன்னும் ஓரடி பின்னால

இதில் ஒரு சொல் பொய்யென்றால் என் பல்லெல்லாம் கொட்டட்டும்; மிச்சமிருப்பது நாலுதான் என்றாலும் சத்தியம் சத்தியம்தான்.

யெல்லோஸ்டோன் விடுதிகளைக் குளிருக்குப் பூட்டிவிட்ட அக்டோபர் மாதம். பயணப் படம் பிடிக்கிற லெமுவல், மலைக் குடிசையின் இருட்டு மூலையில் அன்றெடுத்த படச்சுருளின் நுனியை வெட்டி, வாளி மருந்தில் அலசி, சன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தான். அருவியின் விளிம்பில் ஓர் ஆள் கையை உயர்த்தியபடி நின்றான். கழுவிய சுருளில் எல்லாம் நேர்மாறாகத் தெரியுமல்லவா. முகம் கரி, தொப்பி பனி. முழங்கையில் ஒட்டுப்போட்ட மேல்சட்டை.

மூன்று நாளாக அந்தப் பள்ளத்தாக்கில் லெமுவலைத் தவிர ஈ காக்கை இல்லை.

ஆள் நிற்காத அருவியை நியூயார்க் முதலாளி வாங்கமாட்டார். மனிதன் நின்றால்தான் உயரம் தெரியுமாம். இத்தனை காலம் நின்றவன் கோவேறு கழுதைக்காரன் ஆர்வில். படப்பெட்டியின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே லெமுவல் கத்துவான்: "இன்னும் ஓரடி பின்னால!" கடைசி முறை ஆர்வில்லின் குதிகால் காற்றில் நின்றது.

"உன் அருவிக்கு நான் என்ன அளவுகோலாய்யா? இனிமே நீயே போய் நில்லு!"

"நான் நின்னா, கைப்பிடிய உங்கப்பனா வந்து சுத்துவான்?"

"வேண்டிக்க. யாராச்சும் வருவாங்க."

கழுதையோடு போய்விட்டான். அப்புறம் அருவி இரைச்சலும், அவரைக்கொட்டை டப்பாவைக் கரண்டி சுரண்டுகிற சத்தமும்தான் துணை. லெமுவல் அடுப்போடு பேசினான். அது பதில் சொல்லாததில் அவனுக்கு வருத்தம்கூட வந்தது.

சுருளைக் கழுவிப் பார்த்த மறுநாள் காலை, கந்தக வாடையும் ஈரப் பைன் வாடையும் கலந்து மூக்கிலேற, முக்காலியில் பெட்டியை நிறுத்திவிட்டு, புதுப் பனியில் அந்த ஆளின் கால்தடத்தைத் தேடிக்கொண்டே விளிம்புவரை நடந்தான். தடமே இல்லை.

பின்னால் கிர்ர்ர் என்றது.

நொடிக்கு இரண்டு சுற்று. அவன் சுற்றுகிற அதே தாளம்.

திரும்பினான். பெட்டிக்குப் பின்னால் யாருமில்லை. கைப்பிடி சுற்றிக்கொண்டிருந்தது.

"நிறுத்து!" கையை உயர்த்தினான். உயர்த்திய கையைப் பார்த்தான். முழங்கையில் ஒட்டு.

பெட்டிப் பக்கமிருந்து ஒரு குரல். அவனுடைய குரலேதான்.

"இன்னும் ஓரடி பின்னால."

கால் நகர்ந்தது. குதிகாலுக்குக் கீழே காற்று. கைப்பிடி நிற்கவில்லை.

அந்தக் கைப்பிடியை, கோபித்துக்கொண்டு கிளம்பிய அன்றே ஆர்வில் கழற்றிக் கால்சட்டைப் பையில் போட்டுக்கொண்டு போய்விட்டான்; அதற்கப்புறம் லெமுவல் எதைப் பிடித்துச் சுற்றிப் படமெடுத்தான் என்று என்னைக் கேட்காதீர்கள்; இன்றைக்கும் அவன் வீட்டில் வால்நட் உடைப்பது அதை வைத்துத்தான்.