கொம்பன் எந்தப் பக்கத்தில் கெட்டான்?

ஜவ்வாது மலையில் அப்போதெல்லாம் தேன்கூட்டை முதலில் பார்த்தவர் மரத்தில் புல் முடிச்சு கட்டுவார். ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு விதமான முடிச்சு. அதைப் பார்த்தால் வேறு யாரும் தேனைத் தொடமாட்டார்கள். பூட்டை நான் நம்பமாட்டேன். அந்த முடிச்சை நம்புவேன்.

எழுபத்தெட்டாம் வருஷம் அதிலும் ஒரு கோளாறு நடந்தது.

அம்மாக்கண்ணுவுக்குப் பத்து வயசு. போன வாரம் முழுக்க உட்கார்ந்து, நோட்டின் மூலையில் பக்கத்துக்குப் பக்கம் ஓர் ஆளை வரைந்திருந்தாள். கட்டை விரலால் சரசரவென்று தள்ளினால் அசைவான். பெயர் கொம்பன்.

பள்ளியில் மதிய மணி அடித்ததும் தோழி முத்தம்மாவுக்குக் காட்டினாள்.

கொம்பன் சிரித்தபடி வந்தான். புல் முடிச்சை அவிழ்த்தான். தேனைத் தின்றான். கேட்க வந்தவனை உதைத்தான். கோழி திருடினான். பல் நீண்டது. வால் முளைத்தது. கடைசியில் தலையில் கொம்பு!

"அய்யே, பேயா ஆய்ட்டான்டி! எந்தப் பக்கத்துல கெட்டுப்போனான்?"

இருவரும் தேடினார்கள். ஒரு பக்கத்துக்கும் அடுத்த பக்கத்துக்கும் மயிரிழைதான் வித்தியாசம்.

"வால் வந்தப்பவா?"

"அதுக்கு முன்னாடியே கோழி திருடிட்டானே. முடிச்ச அவுத்தான் பாரு, அங்கதான்" என்றாள் முத்தம்மா. பிறகு பெருமூச்சு விட்டாள். "ஓடைக்கரை புங்கமரத்துல நானும் முடிச்சு கட்டுனேன். நேத்து காலைல பாத்தா உங்க வூட்டு முடிச்சு இருக்குது. உங்கப்பா முன்னாடியே கட்டியிருப்பாரு, நான்தான் கவனிக்கல. அதான் என்னோடத அவுத்திருப்பாரு. தம்பி இருமலுக்குத் தேன் வேணும்னு அம்மா சொல்லுச்சு."

அம்மாக்கண்ணு நோட்டை மூடினாள்.

முடிச்சை மாற்றியது அவள்தான். கூட்டைத் தானே கண்டுபிடித்ததாக அப்பா தீர்த்தகிரி தன்னை மெச்ச வேண்டும் என்று மாற்றினாள். அவரும் நேற்று மெச்சினார். இன்று தேன் எடுக்கப் போயிருக்கிறார்.

நோட்டோடு எழுந்து ஓடினாள்.

"ஏய், சோறு?"

"நீயே தின்னு!"

ஓடைக்கரையில் அப்பா புகைப்பந்தத்தோடு பாதி மரம் ஏறியிருந்தார்.

"அப்பா, எறங்கு!"

"இன்னா, பாம்பா?"

"நான்தான் பாம்பு! முத்தம்மா முடிச்ச அவுத்துட்டு நம்ம முடிச்ச கட்டிட்டேன்."

அப்பா இறங்கினார். முகம் கறுத்திருந்தது. "ஊர்ல எப்டி தல காட்டுறது?"

"நீ பேச வேணாம். முத்தம்மா வூட்ல நானே சொல்றேன்."

"இங்கயே சொல்லு" என்றது பின்னால் ஒரு குரல். முத்தம்மா, சோற்றுத் தட்டோடு மூச்சிரைக்க நின்றாள். எல்லாம் கேட்டுவிட்டாள்.

"நான்தான்டி மாத்துனேன்" என்றாள் அம்மாக்கண்ணு. தன் முடிச்சை அவிழ்த்துத் தூர எறிந்தாள்.

முத்தம்மா புல் பறித்துத் தன் முடிச்சை இறுக்கிக் கட்டினாள். "நாலு நாளைக்கு உன்கூடப் பேசமாட்டேன்."

"சரி."

"நோட்டக் குடு."

முத்தம்மா அதைப் பின்னாலிருந்து தள்ளினாள். கொம்பு மறைந்தது. வால் உள்ளே போனது. கோழி வீடு திரும்பியது. கொம்பனின் கை முடிச்சைத் திரும்பக் கட்டியது.

இன்னொரு தரம் தள்ளிப் பார்த்தாள்.

"ரெண்டு நாள் போதும்" என்றாள்.