புதியதை நீக்கவா?

அழித்த ஃபைல் மறுபடியும் வந்து உட்கார்ந்திருந்தது.

டிவியில் மாட்டி ஆடும் பழைய வீடியோ கேம் பெட்டிகளுக்கான விளையாட்டுகளை வகைபிரித்து மெமரி கார்டில் ஏற்றித் தருவது மெக்கானிக்கின் தொழில். ஒரே விளையாட்டு இரண்டு முறை இருந்தால் அவருக்குச் சோறு இறங்காது. பழைய தேதியில் உள்ளதை வைத்துக்கொள்வார், புதியதை ஒழித்துவிடுவார். 'நீக்கவா?' என்று திரை கேட்டால், கண் படித்து முடிக்குமுன் விரல் 'ஆம்' பொத்தானை அமுக்கிவிடும்.

மூடிய சன்னலில் சாயங்கால மழை தட்ட, சூடேறிய பழைய டிவியின் தூசி வாடை மூக்கில் ஏற, அடுக்களையில் பாத்திரங்கள் உரசும் சத்தத்தைக் கேட்டபடி, தங்கை வீட்டுக்குப் போன மனைவி எப்போது திரும்பினாள் என்றுகூடத் தலை நிமிர்ந்து பார்க்காமல், அந்த ஃபைலைத் திறந்தார். பெயர் 'வீடு'.

"வந்துட்டியா?"

"இப்பத்தான் கண்ணு தெரிஞ்சுதா? பேசாம அந்தப் பெட்டியையே கட்டிக்கிட்டிருக்கலாம் நீங்க!"

திரையில் சதுரப் புள்ளிகளால் ஆன வீடு. அவருடைய வீடேதான். மேசையருகே ஒரு புள்ளி மனிதன், அவருடைய வழுக்கையைக்கூட விட்டுவைக்கவில்லை. அடுக்களையில் கொண்டை போட்ட புள்ளிப் பெண். எந்தப் பயல் செய்த குறும்போ என்று சிரிப்பு வந்தது.

கைபேசி அடித்தது. மனைவி.

"ஏங்க, தெருமுனையில நனைஞ்சுக்கிட்டு நிக்கிறேன். குடை எடுத்துட்டு வாங்களேன். உங்க கார்டு ஒண்ணும் ஓடிப்போயிடாது."

திரையைப் பார்த்தார். திரையின் ஓரத்தில், தெருமுனையில், இன்னொரு கொண்டைக்காரி புதிதாக முளைத்திருந்தாள்.

அடுக்களையில் பாத்திரச் சத்தம் நின்றது.

"அங்கேயே நில்லு. வீட்டுக்கு வராதே," என்று கிசுகிசுத்தார்.

"என்ன உளர்றீங்க?"

திரையில் எழுத்துகள் வந்தன. 'இரண்டும் ஒன்றே. புதியதை நீக்கவா?'

விரல் அமுக்கிவிட்டது.

பழக்கம்.

"ஏங்க, நான் சொல்றதை..."

அதோடு சரி. போனில் மழைச் சத்தம்கூட இல்லை. திரையில் தெருமுனை காலி. மீட்க வழி தேடினார். கிடையாது. இடத்தை அடைக்கிறதென்று அந்த வசதியை அவரேதான் எடுத்துப் போட்டிருந்தார்.

அடுக்களையிலிருந்து காலடி. நின்றது. மறுபடியும் காலடி.

"யாருங்க போன்ல?"

அதே குரல். அதே செல்லக் கோபம்.

அவர் திரும்பவில்லை. திரையைத்தான் பார்த்தார். வழுக்கைக்குப் பின்னால் கொண்டை நின்றது.

தோளில் ஒரு கை விழுந்தது. சூடில்லை. குளிருமில்லை. விரல்கள் சதுரம் சதுரமாக இருந்தன.